பிப்ரவரி 30 என்றொரு நாள்: ஷயர் நாள்காட்டியை விரலில் எண்ணப் பழகுவோம்

‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ மூன்றாம் பாகத்தின் கடைசியில் ஓர் ஆண்டு வரிசைப் பட்டியல் இருக்கிறது. அதை முதன்முறை படித்தபோது ஒரு வரியில் கண் நின்றுவிட்டது. ‘பிப்ரவரி 30’. நடமாடும் மரங்களான எண்ட்டுகள் கூடிப் பேச ஆரம்பித்தது அன்றுதான் என்று போட்டிருந்தது. அச்சுப் பிழை என்று நினைத்துப் பென்சிலால் வட்டம் போட்டு வைத்தேன். இன்னும் சில பக்கம் தள்ளிப் பின்னிணைப்பு ‘டி’யைப் படித்ததும் ரப்பரைத் தேடி எடுத்து அந்த வட்டத்தை அழித்தேன். தேதி சரிதான். அந்த ஊர்க்காரர்களின் மாதம் ஒவ்வொன்றுக்கும் முப்பது நாள்.

பலர் இந்தப் பின்னிணைப்புக்குள் போவதே இல்லை. எழுத்து பொடியாக இருக்கும், பெயர்கள் புரியாது, கதை முடிந்த பிறகு கணக்கு எதற்கு என்று மூடி வைத்துவிடுவார்கள். எனக்கு அந்தக் கதையில் மிகப் பிடித்த இடங்களில் இதுவும் ஒன்று. ஹாபிட்டுகள் என்ற குட்டை மனிதர்கள் வாழும் ஷயர் என்ற நாட்டுக்கு ஜே.ஆர்.ஆர். டோல்கீன் செய்து கொடுத்த இந்த நாள்காட்டியை ஒருமுறை பழகிவிட்டால், எந்த ஆண்டின் எந்தத் தேதிக்கும் கிழமையைக் காகிதம் இல்லாமல் சொல்லிவிடலாம். தேவைப்படுவது உங்கள் இடது கை மட்டும்.

முதல் படி: ஆண்டை உடைத்துப் பாருங்கள்

மாதம் பன்னிரண்டு, மாதத்துக்கு முப்பது நாள், ஆகமொத்தம் 360. ஆண்டுக்கோ 365 நாள். மிச்சமுள்ள ஐந்து நாளை எந்த மாதத்திலும் சேர்க்காமல் தனியே வைத்துவிட்டார்கள். அவை எங்கே உட்கார்ந்திருக்கின்றன என்பதை மட்டும் மனத்தில் போட்டுக்கொள்ளுங்கள்.

ஆண்டின் முதல் நாள் ‘2 யூல்’. ஆண்டின் கடைசி நாள் ‘1 யூல்’. தலைகீழாக இருக்கிறதே என்று தோன்றும். யூல் என்பது குளிர்காலத் திருவிழா. அதன் முதல் நாளோடு பழைய ஆண்டு முடிகிறது, இரண்டாம் நாளோடு புதிய ஆண்டு பிறக்கிறது. திருவிழாவின் நடுவில், இரண்டு நாளுக்கும் இடைப்பட்ட இரவில் ஆண்டு மாறுகிறது. புதிதாக வருபவர்கள் முதலில் தவறுகிற இடம் இது. ‘1 யூல்’ என்பதைப் புத்தாண்டு நாள் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள்.

மற்ற மூன்று நாளும் ஆண்டின் சரிபாதியில், ஆறாம் மாதத்துக்கும் ஏழாம் மாதத்துக்கும் நடுவே, லைத் என்ற கோடைத் திருவிழாவாக வருகின்றன: 1 லைத், நடு ஆண்டு நாள், 2 லைத். லீப் ஆண்டாக இருந்தால் நடு ஆண்டு நாளை அடுத்து ‘ஓவர்லைத்’ என்று ஒரு நாள் கூடும்.

இரண்டாம் படி: மாதங்களை விரல் கணுக்களில் வையுங்கள்

நம் வீடுகளில் பெரியவர்கள் கட்டைவிரலை நகர்த்தி விரல் கணுக்களைத் தொட்டு எண்ணுவார்களே, அதே முறை இங்கே அச்சாகப் பொருந்துகிறது. கட்டைவிரல் நீங்கலாக நான்கு விரல், விரலுக்கு மூன்று கணு, மொத்தம் பன்னிரண்டு. உள்ளங்கையைப் பார்த்தபடி வைத்துக்கொண்டு ஆள்காட்டி விரலின் அடிக்கணுவிலிருந்து மேலே போங்கள்.

ஆள்காட்டி விரல்: ஆஃப்டர்யூல், சோல்மத், ரெத்.
நடுவிரல்: ஆஸ்ட்ரான், த்ரிமிட்ஜ், ஃபோர்லைத்.
மோதிர விரல்: ஆஃப்டர்லைத், வெட்மத், ஹாலிமத்.
சுண்டு விரல்: விண்டர்ஃபில்த், ப்ளாட்மத், ஃபோர்யூல்.

நடுவிரலுக்கும் மோதிர விரலுக்கும் நடுவில் இருக்கும் இடைவெளிதான் லைத் நாட்கள். ஆள்காட்டி விரலுக்கு முன்னால் 2 யூல், சுண்டு விரலுக்கு அப்பால் 1 யூல்.

பெயர்களை உருப்போட வேண்டாம். அவற்றின் கதையைத் தெரிந்துகொண்டால் தானாக ஒட்டிக்கொள்ளும். டோல்கீன் 1925 முதல் 1945 வரை ஆக்ஸ்ஃபோர்டில் ஆங்கிலோ-சாக்ஸன் என்ற பழைய ஆங்கில மொழிக்குப் பேராசிரியராக இருந்தவர். அந்த மொழியைப் பேசிய மக்கள் கிறித்தவத்துக்கு முன்பு என்ன மாதப் பெயர்களை வைத்திருந்தார்கள் என்பதை ஜாரோ மடத்துத் துறவி பீட் கி.பி. 725இல் காலக் கணக்கு பற்றி எழுதிய லத்தீன் நூலில் பதிந்து வைத்திருக்கிறார். அந்தப் பெயர்கள் வழக்கொழிந்துவிட்டன. அவை வழக்கொழியாமல் மக்கள் நாவில் தேய்ந்து தேய்ந்து வந்திருந்தால் இன்று எப்படி ஒலிக்கும்? அந்தக் கேள்விக்கு டோல்கீன் எழுதிய விடைதான் ஷயரின் மாதங்கள். கற்பனை உலகத்துக்குப் பெயர் வைக்கிறவர்களில் எத்தனையோ பேர் வாய்க்கு வந்த ஒலிகளைக் கோத்து விடுகிறார்கள். இவர் செத்துப்போன சொற்களைத் தோண்டி எடுத்து அவற்றுக்கு ஆயிரம் ஆண்டு வாழ்க்கையைத் திருப்பிக் கொடுத்திருக்கிறார்.

த்ரிமிட்ஜை எடுத்துக்கொள்ளுங்கள். பீட் எழுதிய வடிவம் ‘த்ரிமில்கி’. அந்த மாதத்தில் பசுக்களை நாளுக்கு மூன்று முறை கறந்தார்களாம், அதனால் அந்தப் பெயர். புல் செழித்து மடி நிறைந்திருக்கும் மே மாதம். ஹாபிட்டுகள் அதை ‘த்ரிமிச்’ என்றும் எழுதுவதுண்டு, பழைய எழுத்தில் ‘த்ரிமில்ச்’. மூன்று முறை கறத்தல் என்ற பொருள் எழுத்தெழுத்தாகக் கரைந்து வெறும் ஒலியாக மிஞ்சியிருப்பதை இந்த வடிவங்களிலேயே பார்க்கலாம். நம் ஊரில் எத்தனை ஊர்ப்பெயர்கள் இப்படிக் கரைந்திருக்கின்றன என்று யோசித்தால் இதன் அருமை புரியும்.

ப்ளாட்மத் கால்நடைகளைப் பலியிட்ட மாதம். குளிர்காலத்தில் தீவனம் போட்டு எல்லா மாட்டையும் காப்பாற்ற முடியாது என்ற உழவர் வாழ்க்கை அதற்குள் இருக்கிறது. அதை ‘ப்ளாட்மத்’ என்று எழுதிவிட்டு ‘ப்ளாம்மத்’ என்பதுபோல் உச்சரிப்பார்களாம். சோல்மத்தும் பேச்சில் ‘சோமத்’ ஆகிவிடும். வெட்மத் களை மண்டும் மாதம், ஆகஸ்ட். ஹாலிமத் புனித மாதம், செப்டம்பர். விண்டர்ஃபில்த் என்பதில் உள்ள கடைசிப் பகுதியை இன்றைய ஆங்கிலத்தில் படித்தால் அழுக்கு என்று வரும். உண்மையில் அது ‘நிறைதல்’. குளிருக்கு முன் ஆண்டு நிறைவது. பக்கத்து ஊரான ப்ரீயில் இருப்பவர்களும் அதை அழுக்கு என்று எடுத்துக்கொண்டு ‘சேற்று ஷயரின் விண்டர்ஃபில்த்’ என்று கேலி செய்வார்கள். அவர்கள் ஊரில் அந்த மாதம் ‘விண்ட்ரிங்’. அதுதான் திரிபு என்பது ஷயர்காரர்களின் பதில்.

பழைய இங்கிலாந்தில் டிசம்பர், ஜனவரி இரண்டுக்கும் ‘கியூலி’ என்று ஒரே பெயர். ஜூன், ஜூலை இரண்டுக்கும் ‘லிதா’ என்று ஒரே பெயர். டோல்கீன் அவற்றை விழாவுக்கு முன், விழாவுக்குப் பின் என்று பிரித்தார். ஃபோர்யூல், ஆஃப்டர்யூல், ஃபோர்லைத், ஆஃப்டர்லைத். நான்கு பெயர் ஒரே மூச்சில் முடிந்தது. மிச்சம் எட்டுதான்.

கதைக்குள் இந்தப் பெயர்களைத் தேடாதீர்கள். ஹாபிட்டுகளின் மொழியிலிருந்து தான் மொழிபெயர்ப்பதாகப் பாவித்து எழுதும் டோல்கீன், வாசகருக்காக ஜனவரி, பிப்ரவரி என்றே போடுகிறார். பெயர் நம்முடையது, கணக்கு அவர்களுடையது. பிப்ரவரி 30 வந்தது அப்படித்தான். அது சோல்மத் 30.

மூன்றாம் படி: கிழமைகள்

வாரம் ஏழு நாள். ஸ்டெர்டே, சண்டே, மண்டே, ட்ரூஸ்டே, ஹென்ஸ்டே, மெர்ஸ்டே, ஹைடே. முறையே விண்மீன், சூரியன், நிலா, மரங்கள், வானம், கடல், தெய்வசக்திகள் என்று ஒவ்வொன்றும் ஒன்றுக்கு உரியது. ஹென்ஸ்டேயை எழுதும்போது ‘ஹெவன்ஸ்டே’ என்று எழுதுவார்கள். நம் சனிக்கிழமைக்கு நேரானது ஸ்டெர்டே. வாரம் அன்று தொடங்கி வெள்ளிக்கு நேரான ஹைடேயில் முடிகிறது.

வெள்ளிதான் அவர்களுடைய பெரிய நாள். மதியத்துக்கு மேல் விடுமுறை, மாலையில் விருந்து. அப்படியானால் சனி அவர்களுக்கு வேலை தொடங்கும் நாள், நம் திங்கள் மாதிரி. வியாழன் நம் சனி மாதிரி. இதை டோல்கீனே குறிப்பிட்டிருக்கிறார். தெரிந்துகொண்டால் கதையின் முதல் அத்தியாயமே வேறு மாதிரி படிக்கும். பில்போ என்ற ஹாபிட்டின் நூற்றுப் பதினோராம் பிறந்தநாள் விருந்து வியாழக்கிழமை நடக்கிறது. வாரத்தின் நடுவில் இப்படியொரு பெரிய விருந்தா என்று நமக்குத் தோன்றும். ஷயரில் அது வாரக் கடைசியை ஒட்டிய நாள். மறுநாள் அரைநாள்தான் வேலை.

நான்காம் படி: கிழமை இல்லாத நாள்

இந்த நாள்காட்டியின் உயிர் இந்தப் படியில் இருக்கிறது. இங்கே அவசரப்படாதீர்கள்.

365ஐ ஏழால் வகுத்தால் 52 வாரம் போக ஒரு நாள் மிஞ்சும். அந்த ஒரு நாளால்தான் நம் பிறந்தநாள் இந்த ஆண்டு செவ்வாய் என்றால் அடுத்த ஆண்டு புதன் ஆகிறது, லீப் ஆண்டு குறுக்கிட்டால் வியாழன் ஆகிறது. ஷயர்காரர்களுக்கு இது தொல்லையாக இருந்தது. ஷயரின் தலைவராக இருந்த இரண்டாம் இசென்கிரிம் காலத்தில் ஒரு சிறு திருத்தம் செய்தார்கள். மிஞ்சுகிற அந்த நாளுக்குக் கிழமையே வேண்டாம் என்று முடிவெடுத்தார்கள். நடு ஆண்டு நாள் எந்த வாரத்தையும் சேராது. ஓவர்லைத்தும் அப்படியே. அந்த நாட்களுக்குப் பெயர் மட்டும் உண்டு.

‘கிழமை’ என்ற நம் சொல்லை இந்த இடத்தில் நினைத்துப் பாருங்கள். கிழமை என்றால் உரிமை. ஆறாம் வேற்றுமைக்குக் ‘கிழமைப் பொருள்’ என்று இலக்கணத்தில் படித்திருப்போம். ஞாயிற்றுக்கிழமை ஞாயிற்றுக்கு உரிய நாள், திங்கட்கிழமை திங்களுக்கு உரிய நாள். நடு ஆண்டு நாள் யாருக்கும் உரியதில்லை. கிழமை இல்லாத நாள் என்று தமிழில் சொல்லும்போது அந்தத் திருத்தத்தின் பொருள் முழுதாக வந்துவிடுகிறது. வேறு எந்தச் சொல்லைப் போட்டு விளக்கினாலும் எனக்கு இந்த நிறைவு கிடைப்பதில்லை.

இப்போது கணக்கைப் பாருங்கள். 2 யூலில் தொடங்கி 1 லைத் வரை 182 நாள், அதாவது சரியாக 26 வாரம். 2 லைத்தில் தொடங்கி 1 யூல் வரை மறுபடி 182 நாள், மறுபடி 26 வாரம். நடுவில் அந்த ஒற்றை நாள். ஒவ்வோர் அரையாண்டும் சனியில் தொடங்கி வெள்ளியில் முடியும். ஒவ்வோர் ஆண்டும் அப்படியே. ஆகையால் ஒரு தேதிக்கு ஒரு கிழமைதான், என்றைக்கும். ஹாபிட்டுகள் கடிதத்திலும் நாட்குறிப்பிலும் கிழமை எழுதுவதையே விட்டுவிட்டார்கள். உள்ளூரில் வசதியாக இருந்தது. ப்ரீயைத் தாண்டி வெளியூர் போனால்தான் சிரமம், அங்கெல்லாம் வாரம் இடைவிடாமல் ஓடிக்கொண்டிருந்ததே!

மாதங்கள் எந்தக் கிழமையில் பிறக்கும் என்று பார்ப்போம். ஆண்டின் முதல் நாளான 2 யூல் சனி. ஆஃப்டர்யூல் 1 ஞாயிறு. முப்பது நாள் என்பது நான்கு வாரமும் இரண்டு நாளும் என்பதால் அடுத்தடுத்த மாதம் ஒரு கிழமை விட்டு ஒரு கிழமை பிறக்கும். ஞாயிறு, செவ்வாய், வியாழன், சனி, திங்கள், புதன். இந்த ஆறும் ஆள்காட்டி விரலிலும் நடுவிரலிலும் அடியிலிருந்து நுனி வரை. மோதிர விரலிலும் சுண்டு விரலிலும் அதே ஆறு, அதே வரிசை. ஆள்காட்டியின் அடிக்கணு ஞாயிறு என்றால் மோதிர விரலின் அடிக்கணுவும் ஞாயிறு.

வரிசையில் அடுத்து வர வேண்டியது வெள்ளி. அதை 1 லைத்தும் 1 யூலும் எடுத்துக்கொள்கின்றன. எந்த மாதமும் வெள்ளியில் பிறப்பதில்லை. ஷயரில் நடக்கவே நடக்காத ஒன்றைச் சொல்ல ‘வெள்ளிக்கிழமை ஒன்றாம் தேதி’ என்பார்கள். பன்றி பறக்கிற நாள், மரம் நடக்கிற நாள். அந்த மரங்கள் நடந்தே விடுகின்றன என்பது கதையைப் படித்தவர்களுக்குத் தெரியும். அவை கூடிப் பேசத் தொடங்கிய சோல்மத் 30 ஒரு புதன்கிழமை.

கிழமை இல்லாத நாள் என்பது புத்தகத்துக்குள் மட்டும் இருந்த யோசனை அல்ல. 1930இல் நியூயார்க்கில் எலிசபெத் அகெலிஸ் என்ற பெண்மணி உலக நாள்காட்டிக்காக ஒரு சங்கம் தொடங்கினார். ஆண்டு முடிவில் கிழமை இல்லாத ஒரு நாள், லீப் ஆண்டில் ஜூன் 30ஐ அடுத்து இன்னொன்று. ஓவர்லைத்தும் வருவது அதே இடத்தில்தான், ஆண்டின் நடுவில்! 1950களில் இந்தத் திட்டத்தை ஐக்கிய நாடுகள் சபையில் எடுத்துப் பேசியது நம் இந்தியா. நம் நாள்காட்டிச் சீர்திருத்தக் குழுவின் தலைவராக இருந்த விஞ்ஞானி மேக்நாத் சாகா இதற்காக வாதாடினார். ஏழு நாளுக்கு ஒருமுறை தவறாமல் வர வேண்டிய ஓய்வுநாள் இடம் மாறிவிடும் என்று மத அமைப்புகள் எதிர்த்தன. 1955இல் அமெரிக்கா ஏற்க மறுத்தது, திட்டம் நின்றுபோனது. அதே 1955 அக்டோபரில்தான் இந்தப் பின்னிணைப்பு உள்ள ‘தி ரிட்டர்ன் ஆஃப் தி கிங்’ வெளிவந்தது.

ஐந்தாம் படி: கிழமை சொல்லிப் பழகுங்கள்

ஒன்றாம் தேதியின் கிழமை தெரிந்தால் 8, 15, 22, 29 ஆகியவற்றின் கிழமையும் அதுவே. அங்கிருந்து முன்பின் எண்ணிக்கொள்ளலாம்.

பில்போவுக்கும் அவருடைய வாரிசு ஃப்ரோடோவுக்கும் பிறந்தநாள் செப்டம்பர் 22, அதாவது ஹாலிமத் 22. ஹாலிமத் ஒன்பதாம் மாதம், மோதிர விரலின் நுனிக்கணு. அதற்கு இணை ஆள்காட்டியின் நுனிக்கணு, வியாழன். ஒன்றாம் தேதி வியாழன் என்றால் 22ஆம் தேதியும் வியாழன். புத்தகத்தைத் திறந்து பாருங்கள், ‘வியாழக்கிழமை, செப்டம்பர் 22’ என்றே இருக்கும். முதன்முறை இதை நானே விரலில் எண்ணிப் பார்த்து, பக்கத்தைப் புரட்டிச் சரிபார்த்தபோது கிடைத்த சந்தோஷம் இன்னும் மனத்தில் இருக்கிறது.

இன்னொன்று. கதையின் மையமான தீய மோதிரம் அழிந்த மார்ச் 25, அதாவது ரெத் 25. ஆள்காட்டி நுனி வியாழன். 22 வியாழன், 23 வெள்ளி, 24 சனி, 25 ஞாயிறு. ஃப்ரோடோவின் தோழன் சாமும் ரோஸியும் கல்யாணம் செய்துகொண்ட மே 1 என்ன கிழமை என்று நீங்களே பாருங்கள். நடுவிரலின் நடுக்கணு.

ஆறாம் படி: இடைப்பட்ட நாட்களை எண்ணுதல்

மோதிரத்தை அழிக்க ஒன்பது பேர் ரிவண்டெல் என்ற ஊரை விட்டுக் கிளம்பியது டிசம்பர் 25. மோதிரம் அழிந்தது மார்ச் 25. இடையில் எத்தனை நாள்? நம் நாள்காட்டியில் எண்ணினால் 90 வரும். அது தப்பு. ஃபோர்யூல் 25லிருந்து 30 வரை 5, பிறகு 1 யூல், 2 யூல் என்று 2, ஆஃப்டர்யூல் 30, சோல்மத் 30, ரெத்தில் 25. கூட்டினால் 92. யூல் இரண்டையும் விட்டுவிடுவது எல்லோரும் செய்கிற பிழை. ஆண்டைக் கடக்கும்போது சுண்டு விரலின் வெளியோரத்தையும் ஆள்காட்டி விரலின் வெளியோரத்தையும் ஒருமுறை தொட்டுவிட்டுப் போங்கள், மறக்காது.

ஏழாம் படி: ஆண்டு எண்

மார்ச்சோ, பிளாங்கோ என்ற சகோதரர்கள் தலைமையில் ஹாபிட்டுகள் பிராண்டிவைன் ஆற்றைக் கடந்து குடியேறிய ஆண்டு ஷயர் கணக்கில் 1. வெளியுலகின் மூன்றாம் யுகக் கணக்கில் அது 1601. ஆகவே ஷயர் ஆண்டோடு 1600ஐக் கூட்டினால் மூன்றாம் யுக ஆண்டு வந்துவிடும். பில்போவின் விருந்து 1401, அதாவது 3001. மோதிரம் அழிந்தது 1419, அதாவது 3019.

நான்கு ஆண்டுக்கு ஒருமுறை ஓவர்லைத் வரும், நூற்றாண்டின் கடைசி ஆண்டைத் தவிர. மோதிரத்தின் கதை நடந்த முக்கியமான ஆண்டுகள் எதிலும் அது வரவில்லை. போரெல்லாம் ஓய்ந்து, வெட்டப்பட்ட மரங்களுக்குப் பதில் புதிது நட்டு, அறுவடை கொழித்த 1420இல்தான் வந்தது. அன்றைய கொண்டாட்டத்தைப் போல் ஒன்று அதற்கு முன் யார் நினைவிலும் ஏட்டிலும் இல்லை என்று எழுதியிருக்கிறார் டோல்கீன். லீப் ஆண்டுக் கணக்கிலேயே அவ்வளவு பெரிய ஆறுதலை வைத்திருக்கிறார் என்று எனக்குத் தோன்றும்.

எட்டாம் படி: நம் தேதியை ஷயர் தேதியாக்குதல்

நடு ஆண்டு நாள் கோடைச் சூரியத் திருப்பத்தை ஒட்டி வர வேண்டும் என்பது ஏற்பாடு. அதை வைத்து, நம் ஜனவரி 1 ஏறக்குறைய அவர்களுடைய ஜனவரி 9க்கு நேர் என்கிறார் டோல்கீன். அதாவது ஆஃப்டர்யூல் 9. ‘ஏறக்குறைய’ என்பதால் சில ரசிகர்கள் ஓரிரு நாள் தள்ளியும் வைத்துக்கொள்கிறார்கள். நான் அவர் சொன்னதையே பிடித்துக்கொள்கிறேன்.

முறை இதுதான். உங்கள் தேதி ஜனவரி 1இலிருந்து எத்தனையாவது நாள் என்று பாருங்கள். அதோடு 9ஐக் கூட்டுங்கள். 365ஐத் தாண்டினால் 365ஐக் கழித்துவிடுங்கள். வரும் எண் ஷயர் ஆண்டின் எத்தனையாவது நாள் என்பது. 1 என்றால் 2 யூல். 182, 183, 184 என்றால் 1 லைத், நடு ஆண்டு நாள், 2 லைத். 365 என்றால் 1 யூல். 2 முதல் 181 வரை இருந்தால் 1ஐக் கழியுங்கள். 185 முதல் 364 வரை இருந்தால் 4ஐக் கழியுங்கள். மிஞ்சுவதை முப்பது முப்பதாகப் பிரித்தால் மாதமும் தேதியும் கிடைக்கும். மீதியே இல்லாமல் வகுபட்டால் அது முந்தைய மாதத்தின் 30.

டோல்கீன் பிறந்தது 1892 ஜனவரி 3. மூன்றாவது நாள், 9ஐக் கூட்டினால் 12, ஒன்றைக் கழித்தால் 11. ஆஃப்டர்யூல் 11. ஒன்றாம் தேதி ஞாயிறு, எட்டு ஞாயிறு, பதினொன்று புதன். அவருக்கு ஷயரில் பிறந்தநாள் எப்போதும் புதன்கிழமைதான். இன்னொன்று, ஏப்ரல் 14. ஆண்டின் 104ஆம் நாள்; 113; ஒன்று கழித்து 112; மூன்று முப்பது போக 22. ஆஸ்ட்ரான் 22, சனிக்கிழமை. இரண்டாம் பாதிக்கு ஓர் உதாரணம், செப்டம்பர் 14: 257ஆம் நாள், 266, நான்கைக் கழித்து 262, எட்டு முப்பது போக 22. ஹாலிமத் 22! பில்போவின் பிறந்தநாளை நம் செப்டம்பர் 22இல் கொண்டாடும் ரசிகர்கள் உலகெங்கும் உண்டு. கணக்குப்படி அது எட்டு நாள் முன்னதாகவே வந்துவிடுகிறது.

லீப் ஆண்டில் மட்டும் சற்றுக் கவனம் வேண்டும். நாம் கூடுதல் நாளைப் பிப்ரவரி முடிவிலேயே வைத்துவிடுகிறோம், அவர்கள் ஆண்டின் நடு வரை காத்திருக்கிறார்கள். அதனால் பிப்ரவரி 29 முதல் ஜூன் 22 வரை நாளின் வரிசை எண்ணை 29ஐயும் சேர்த்தே எண்ணுங்கள். ஏப்ரல் 14 அப்போது ஆஸ்ட்ரான் 23 ஆகும். ஜூன் 23 ஓவர்லைத். ஜூன் 24 முதல் பிப்ரவரி 29 வராததுபோலவே எண்ணிக்கொள்ளுங்கள், இரண்டு கணக்கும் மறுபடி ஒன்றாகிவிடும்.

ஷயருக்கு வெளியே

இவ்வளவும் பழகிய பிறகு மற்ற நாள்காட்டிகளுக்குப் போகலாம், அவசரமில்லை. ப்ரீயில் மாதப் பெயர்கள் பல வேறு. மனிதர்களின் நாடான காண்டோரில் மாதம் முப்பது நாள்தான், ஆனால் தனித்து நிற்கும் ஐந்து நாளை ஆண்டின் தொடக்கம், வசந்தம், நடு, இலையுதிர், முடிவு என்று பரவலாக வைத்திருப்பார்கள். எல்வுகளின் கணக்கு முற்றிலும் வேறு உலகம். வாரத்துக்கு ஆறு நாள், ஆண்டுக்கு ஆறு பருவம், அவற்றில் கோடைக்கும் குளிருக்கும் 72 நாள், மற்ற நான்குக்கும் 54. சாவில்லாத அவர்களுக்கு நம் ஓராண்டு சின்ன அளவு. 144 ஆண்டு சேர்ந்தால்தான் அவர்கள் பெரிதாக எண்ணும் ஒரு ‘யென்’.

ஒன்பதாம் படி: சுவரில் மாட்ட ஒரு தாள்

ஒரு தாளை எடுத்து மேலே சனி முதல் வெள்ளி வரை ஏழு கட்டம் போடுங்கள். கீழே 26 வரிசை. முதல் கட்டத்தில் 2 யூல், அடுத்ததில் ஆஃப்டர்யூல் 1 என்று நிரப்பிக்கொண்டே போனால் கடைசி வரிசையின் வெள்ளிக் கட்டத்தில் 1 லைத் வந்து உட்காரும். உட்காரவில்லை என்றால் எங்கோ ஒரு நாளை விட்டிருக்கிறீர்கள். அதே தாளின் கட்டங்களில் வேறு நிற மையால் இரண்டாம் பாதியையும் எழுதலாம்: 2 யூலின் கட்டத்திலேயே 2 லைத், ஆஃப்டர்யூலின் கட்டங்களில் ஆஃப்டர்லைத், கடைசிக் கட்டத்தில் 1 யூல். ஒரு முறை எழுதினால் போதும், ஆண்டுதோறும் கிழிக்க வேண்டியதில்லை.

நடு ஆண்டு நாளை எந்தக் கட்டத்திலும் எழுதாதீர்கள். தாளின் ஓரத்தில், கோடுகளுக்கு வெளியே எழுதுங்கள். அதன் கீழே ஓவர்லைத்தைப் பென்சிலால் குறித்து வைத்துக்கொள்ளலாம். இந்தக் கணக்கில் 2028ஆம் ஆண்டின் ஓவர்லைத் ஜூன் 23.